இது மெஷின் கால் இல்லை

போன வாரம் கத்திரியை மாடிப்படியின் நடுவில் மூச்சிரைக்க உட்கார வைத்துவிட்டு நான் பாட்டுக்குக் கிளம்பி வந்துவிட்டேன். பிள்ளை பெற்ற உடம்புக்காரியை இப்படியா அந்தரத்தில் விட்டுவிட்டுப் போவது என்று திட்டியிருப்பீர்கள். திட்டுங்கள், நியாயம்தான். நானும் வாரம் முழுக்க அந்தப் படியையே நினைத்துக்கொண்டுதான் இருந்தேன்.

இப்போதுதான் வந்து சேர்ந்தவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இது தையல் பட்டறைக் குடும்பம். கீழே பட்டறை, மேலே வீடு. நடத்துகிறவர் மாஸ்டரம்மா. கணவர் இருந்தவரை அவர்தான் மாஸ்டர். போன பிறகு பட்டம் இந்த அம்மாவிடம் வந்து சேர்ந்தது. ஒரே மகன் வாயைத் திறக்கவே மாட்டான், அதனால் பட்டறையில் அவனுக்கு ஜிப்பு என்று பேர். அவன் பெண்டாட்டி வாயை மூடவே மாட்டாள், அதனால் அவள் கத்திரி. கர்ப்பத்தில் பாதி மாதங்களைப் படுக்கையிலேயே கழித்து, கடைசியில் ஆபரேஷன் செய்து எடுத்த பெண் குழந்தைக்கு இப்போது இரண்டு வாரம்.

அவ்வளவுதான் கதை. இனி படிக்கட்டுக்கு வருவோம்.

அன்று காலை பட்டறையில் கால் வைக்க இடமில்லை. பள்ளிக்கூடச் சீருடைகள் மூட்டை மூட்டையாக வேனில் ஏறிக்கொண்டிருந்தன. மதியத்துக்குள் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். திங்கட்கிழமை பள்ளிக்கூடம் திறக்கிறது. அந்த அமளியில் கத்திரி பாதிப் படியில் உட்கார்ந்ததை முதலில் பார்த்தவன் ஜிப்பு. தோளில் இருந்த மூட்டையைக் கீழே போட்டுவிட்டு ஓடி வந்தான். என்ன என்று கேட்கவில்லை. கேட்கிற வழக்கம் அவனுக்கு ஏது? பக்கத்தில் உட்கார்ந்து அவள் முதுகில் கை வைத்தான்.

"கால் வலிக்குதுங்க," என்றாள். "நேத்தெல்லாம் சும்மா கடுத்துது. இப்ப மூச்சும் வாங்குது. நாலு படி இறங்கினதுக்கு நாலு மாடி ஏறின மாதிரி இருக்கு."

நைட்டியை முழங்கால்வரை தூக்கிக் காட்டினாள். இடது கெண்டைக்கால் சிவந்து, தோல் இறுகிப் பளபளத்தது. தொட்டுப் பார்த்த ஜிப்பு கையைச் சட்டென்று எடுத்துக்கொண்டான். அவ்வளவு சூடு.

"யார் உன்னைப் படுக்கையை விட்டு எழுந்திரிக்கச் சொன்னது?" கீழே இருந்து மாஸ்டரம்மாவின் குரல் வந்தது. கூடவே ஆளும் வந்தார். காலைப் பார்த்தார், முகம் தெளிந்தது. "இவ்வளவுதானா? நான்கூட என்னமோ ஏதோன்னு பயந்துட்டேன். மெஷின் கால்."

மெஷின் கால் என்றால் என்னவென்று வெளியாட்களுக்குத் தெரியாது. அந்தப் பட்டறையில் தெரியாதவர் கிடையாது. நாளெல்லாம் மெஷினை மிதித்தால் சாயங்காலம் கால் வீங்கும், காலையில் வடிந்துவிடும். வடியாவிட்டால் மாஸ்டரம்மா வெந்நீரில் கிண்ணத்தை வைத்து எண்ணெயைச் சூடாக்கித் தேய்த்துவிடுவார். அவர் கைக்குத் தப்பித்த வீக்கம் அந்தத் தெருவிலேயே இல்லை. பக்கத்துக் கடைக்காரர்கள்கூட வந்து காலை நீட்டிக்கொண்டு உட்காருவார்கள்.

"நான் மெஷின்ல உட்கார்ந்து எத்தனை மாசமாச்சு, அத்தை?"

"அதனாலதான் வீங்குது. வருஷக்கணக்கா மிதிச்ச கால், திடீர்னு சும்மா இருன்னா இருக்குமா? பழிவாங்கும். மேல போய்ப் படு. எண்ணெய் கொண்டு வரேன்."

சொன்னபடியே கொண்டுவந்தார். கத்திரி கட்டிலில் சாய்ந்திருந்தாள். குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. ஜிப்பு வாசலில் நின்றான், கீழே மூட்டைகள் காத்திருந்தன. மாஸ்டரம்மா உள்ளங்கையில் எண்ணெயை ஊற்றிக்கொண்டு காலைப் பிடித்தார்.

கத்திரி காலை இழுத்துக்கொண்டாள்.

"தொடாதீங்க அத்தை."

"என்னது?"

"தொடாதீங்கன்னேன். இது மெஷின் கால் இல்ல."

அந்த வீட்டில் மாஸ்டரம்மாவின் கையை யாரும் அப்படித் தட்டியதில்லை. அவர் எண்ணெய்க் கையை அந்தரத்தில் வைத்துக்கொண்டு மகனைப் பார்த்தார். மகன் தரையைப் பார்த்தான்.

"எனக்குத் தெரியாத மெஷின் காலா? நீ பொறக்கறதுக்கு முன்னாடியே நான் மிதி மெஷின்ல உட்கார்ந்தவ. இவன் பொறந்த வாரமே எழுந்து போய் மிதிச்சவ. தையல் பிரிஞ்சு, ரத்தம் போய், நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். என் வீட்டுக்கு வர்றவளுக்கு அந்த கதி வரக்கூடாதுன்னுதான் உன்னைத் தரையில கால் வைக்காம வச்சிருக்கேன். அதுக்கு இந்த மரியாதையா?"

இதில் பொய் ஒரு எழுத்தும் இல்லை. மருமகளைத் தங்கம்போல வைத்திருந்தார். ஆஸ்பத்திரியில் கொஞ்சம் கொஞ்சமாக நடக்கச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். மாஸ்டரம்மா அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. சாப்பாடு கட்டிலுக்கு வந்தது, தண்ணீர் கட்டிலுக்கு வந்தது. பாசம் கண்ணை மறைக்கும் என்பார்கள். இங்கே காலையே மறைத்துவிட்டது.

"அத்தை, நீங்க மிதிச்சது மிதி மெஷின். ரெண்டு காலாலயும் மிதிச்சீங்க," என்றாள் கத்திரி. மூச்சு வாங்கியதால் பேச்சு துண்டு துண்டாக வந்தது, ஆனால் வந்தது. "நான் ஓட்டறது கரண்ட்ல ஓடற பவர் மெஷின். பெடல் எந்தப் பக்கம் இருக்கு?"

மாஸ்டரம்மா எண்ணெய்க் கிண்ணத்தை நகர்த்தி வைத்தார்.

"வலது பக்கம். எனக்கு மெஷின் கால்னு ஒண்ணு வந்தா வலது கால்லதான் வரணும். வீங்கியிருக்கறது இடது. அது என்ன பாவம் பண்ணுச்சு? சும்மா தரையில ஊனிக்கிட்டு இருந்த கால் அது."

"வியாக்கியானம் பண்ணாதே. உடம்பு நீர் கோத்திருக்கும்."

"நீர்னா ரெண்டு கால்லயும் கோக்கணும். அந்த டேப்பைக் கொடுங்க."

இஞ்சு டேப் மாஸ்டரம்மாவின் கழுத்தில் எப்போதும் தொங்கும். குளிக்கும்போதுதான் இறங்கும். அந்தப் பட்டறையில் டேப் சொன்னதற்கு மேல் பேச்சில்லை. 'நான் இளைத்துவிட்டேன், கொஞ்சம் குறைத்து வெட்டுங்கள்' என்று எந்த வாடிக்கையாளராவது சொன்னால், 'டேப்புக்கு அது தெரியலையே' என்று முகத்துக்கு நேராகச் சொல்கிற ஆள் மாஸ்டரம்மா. இன்றைக்கு அவர் டேப்பை அவரே கழற்றிக் கொடுக்க மாட்டேன் என்றால் எப்படி?

கொடுக்கவில்லை. "அளந்தா நான் அளக்கறேன். நீ இழுத்துப் பிடிச்சு அளப்பே," என்றார்.

எண்ணெய்க் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, வலது காலில் முழங்காலுக்கு ஒரு சாண் கீழே டேப்பைச் சுற்றினார். அளவைப் பார்த்தார். இடது காலில் அதே இடத்தில் சுற்றினார். பார்த்தார். மறுபடி வலது. மறுபடி இடது. இந்த முறை டேப்பை வேண்டுமென்றே இறுக்கினார்; கத்திரி பல்லைக் கடித்துக்கொண்டாள். அப்படியும் இடது கால் நல்ல இரண்டு விரல் அளவு கூடுதலாகத்தான் நின்றது.

மாஸ்டரம்மா கட்டிலில் உட்கார்ந்துவிட்டார்.

"ஆஸ்பத்திரியிலேர்ந்து கிளம்பும்போது நர்ஸ் சொன்னாங்க," என்றாள் கத்திரி. "ஒரு கால் மட்டும் வீங்கினாலோ, மூச்சு வாங்கினாலோ, தேதி கீதி பாக்காம ஓடி வாங்கன்னு. நீங்க அப்ப குழந்தையோட தொப்பியைத் தேடிக்கிட்டு இருந்தீங்க."

"சரி, போவோம். சரக்கை இறக்கிட்டு வேன் வரட்டும். சாயங்காலம்..."

"சாயங்காலம் வரைக்கும் இது காத்திருக்குமான்னு கேட்டுச் சொல்லுங்க. நான் இப்ப போறேன். வேன் இல்லேன்னா ஆட்டோ. ஆட்டோ இல்லேன்னா தவழ்ந்து போறேன். எனக்குப் பயமா இருக்கு அத்தை. நான் வாய் பேசறவதான், ஆனா இப்ப நிஜமாவே பயமா இருக்கு. பயந்துகிட்டே இந்தக் கட்டில்ல படுத்திருக்க என்னால முடியாது."

அவள் காலைத் தரையில் வைத்தாள். வலியில் கண்ணில் நீர் கோத்தது. அதைப் புறங்கையால் தேய்த்துவிட்டு எழுந்து நின்றாள்.

ஜிப்பு ஒரு வார்த்தை பேசாமல் உள்ளே வந்து அவளைத் தூக்கிக்கொண்டான். வழியில் நின்ற அம்மாவிடம் மட்டும் சொன்னான்: "குழந்தையை எடுத்துக்கிட்டு வாங்க."

அவன் மொத்த வாரத்துக்கான பேச்சு அது.

வேனை ஓட்டியது ஜிப்பு. பின்னால் முழுக்கச் சீருடை மூட்டைகள். முன் இருக்கையில் கத்திரி, அவளை ஒட்டி மாஸ்டரம்மா, மடியில் குழந்தை. வழியெல்லாம் மாஸ்டரம்மா முணுமுணுத்துக்கொண்டே வந்தார். "ஒண்ணுமில்லேன்னு சொல்லப்போறாங்க. அப்ப இருக்கு உனக்கு."

"ஒண்ணுமில்லேன்னு சொல்லட்டும். உங்க கால்ல விழறேன்."

"முதல்ல உன் கால் நல்லா ஆகட்டும்," என்றார் மாஸ்டரம்மா, தன்னை மறந்து.

ஆஸ்பத்திரியில் முன்னால் கண்ணாடித் தடுப்பு. அதற்குப் பின்னால் ஒரு அம்மாள், கம்ப்யூட்டரிலிருந்து கண்ணை எடுக்காமல் பேசினார். "உங்க தேதி வெள்ளிக்கிழமைன்னு இருக்கே. இன்னிக்கு டாக்டருக்கு நிறைய கேஸ்."

"எனக்கும் வெள்ளிக்கிழமை வரலாம்னுதான் ஆசை," என்றாள் கத்திரி, ஜிப்புவின் தோளைப் பிடித்துக்கொண்டு. "இந்தக் கால்கிட்ட சொல்லிப் பார்த்தேன், கேக்கல."

"பிரசவமானா கால் வீங்கத்தான்மா செய்யும். எல்லாருக்கும் இருக்கறதுதான்."

காலையில் மாஸ்டரம்மா சொன்னதும் ஏறக்குறைய இதுதான். கத்திரி வாயைத் திறந்தாள், ஆனால் மூச்சு வரவில்லை. நெஞ்சில் ஊசி குத்தியது போல ஒரு வலி வந்து பேச்சை நிறுத்தியது. அவள் கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவள் பேச்சு நின்று மாஸ்டரம்மா பார்த்ததில்லை.

குழந்தையை மகன் கையில் திணித்துவிட்டு மாஸ்டரம்மா கண்ணாடித் தடுப்புக்கு வந்தார். பட்டறைக்கு வந்த அதிகாரிகளையே அரைநாள் பேசி வழிக்குக் கொண்டுவந்த வாய் அது.

"அம்மா, இங்க பாருங்க. கம்ப்யூட்டரைப் பாக்காதீங்க, என்னைப் பாருங்க. இவ பெத்து ரெண்டு வாரம். ஒரு கால் மட்டும் வீங்கியிருக்கு. என் கையால அளந்தேன், ரெண்டு தரம் அளந்தேன். இப்ப மூச்சு வாங்குது, நெஞ்சு வலிக்குது. நானும் இது ஒண்ணுமில்லேன்னு இவகிட்டச் சொன்னவதான். அது தப்பு. நீங்களும் அந்தத் தப்பைப் பண்ணாதீங்க. டாக்டரைக் கூப்பிடுறீங்களா, நானே கதவைத் திறந்து உள்ள போகட்டுமா?"

நெஞ்சு வலி என்ற சொல் வந்ததும் அந்த அம்மாளின் கை ஃபோனுக்குப் போய்விட்டது. அவரைக் குறை சொல்லாதீர்கள். காது கொடுத்துக் கேட்டதும் வேகமாகத்தான் வேலை செய்தார். அடுத்த நிமிஷம் சக்கர நாற்காலி வந்தது, கத்திரி உள்ளே போனாள்.

டாக்டர் ஒல்லியான பெண், தலையில் பாதி நரை. கேள்விகளைக் கடகடவென்று கேட்டார். கர்ப்பத்தில் படுக்கையில் இருந்தீர்களா? ஆபரேஷனா? வீட்டுக்குப் போய் நடந்தீர்களா? மூச்சு எப்போதிலிருந்து? அவரும் டேப் எடுத்து இரண்டு காலையும் அளந்தார். விரலில் ஒரு கிளிப்பை மாட்டிப் பார்த்தார். பக்கத்தில் நின்ற நர்ஸிடம் ஊசி மருந்தின் பெயரைச் சொன்னார்.

"ஸ்கேன் எடுத்துட்டுப் போடலாமா டாக்டர்?"

"முதல்ல போடுங்க. ஸ்கேன் வர்ற வரைக்கும் காத்திருக்க வேண்டாம்." பிறகு மாஸ்டரம்மாவிடம் திரும்பினார். "காலைத் தேய்ச்சுவிட்டீங்களா?"

"எண்ணெய் எடுத்துட்டுப் போனேன். இவ விடலை."

"விடாதது நல்லதாப் போச்சும்மா. தேய்ச்சா உள்ள இருக்கற ரத்தக் கட்டி உடைஞ்சு மேல நெஞ்சுக்குப் போகும்."

மாஸ்டரம்மா தன் கைகளைப் பார்த்தார். பிறகு அவற்றைப் புடவைத் தலைப்புக்குள் மறைத்துக்கொண்டார்.

வெளியே வராந்தாவில் ஜிப்பு குழந்தையோடு நடந்துகொண்டிருந்தான். பள்ளிக்கூடத்திலிருந்து ஃபோன் வந்தது. சரக்கு எங்கே, மதியம் என்று சொன்னீர்களே, இனி உங்களுக்கு ஆர்டரே கிடையாது என்று அந்தப் பக்கம் ஒருவர் சத்தம் போட்டார். வழக்கமாக இப்படி ஃபோன் வந்தால் ஜிப்பு அம்மாவிடம் நீட்டிவிடுவான். இன்றைக்கு அம்மா உள்ளே இருந்தார்.

"சார்," என்றான் ஜிப்பு. "சரக்கு வேன்ல இருக்கு. வேன் ஆஸ்பத்திரி வாசல்ல இருக்கு. உள்ள என் பொண்டாட்டி இருக்கா. பள்ளிக்கூடம் திங்கட்கிழமைதான் திறக்குது. அவசரம்னா வந்து மூட்டையை நீங்களே எடுத்துக்குங்க. நான் இங்கேர்ந்து நகர மாட்டேன். ஆர்டர் போனாப் போகட்டும்."

ஃபோனை வைத்துவிட்டான். இரண்டு வாரக் குழந்தை அப்பன் பேசியதைக் கேட்டுக் கண்ணை விழித்துப் பார்த்தது. அதற்கும் ஆச்சரியமாக இருந்திருக்கும்.

காலுக்கு ஒரு ஸ்கேன், நெஞ்சுக்கு ஒரு ஸ்கேன். மதியம் தாண்டி டாக்டர் வந்து கட்டில் ஓரத்தில் நின்றார். மறைக்காமல் சொன்னார். தொடையில் ஓடும் பெரிய ரத்தக் குழாயில் ரத்தம் உறைந்து கட்டியாகியிருக்கிறது. அதிலிருந்து சின்னத் துணுக்கு ஒன்று நுரையீரலுக்குப் போயிருக்கிறது. பெரிதாகப் போகவில்லை. போவதற்குள் வந்துவிட்டீர்கள்.

"பெரிசாப் போயிருந்தா?" என்று கேட்டாள் கத்திரி.

"நாம இப்ப பேசிக்கிட்டு இருக்க மாட்டோம்."

கத்திரி அடுத்துக் கேட்டாள்: "குழந்தைக்குப் பால் கொடுக்கலாமா?"

"தாராளமா. இந்த மருந்து பால்ல போய்க் குழந்தையைத் தொந்தரவு பண்ணாது. சில மாசம் ஊசி போட்டுக்கணும். வீட்டுலயே போட்டுக்கக் கத்துக்கொடுப்பாங்க."

"ஊசிக்கா நாங்க பயப்படப்போறோம்? எங்க பொழைப்பே ஊசிதானே," என்றாள் கத்திரி. முகம் இன்னும் வெளிறித்தான் இருந்தது, ஆனால் வாய் திரும்பிவிட்டது. டாக்டர் சிரித்துவிட்டார்.

மாஸ்டரம்மா சிரிக்கவில்லை. "டாக்டரம்மா, ஒண்ணு கேக்கணும். இவளைப் படுக்க வச்சது நான். நடக்க விடாதது நான். இது என்னால வந்ததா?"

"ஒரே காரணம்னு சொல்ல முடியாதும்மா. கர்ப்பம் ஆனாலே ரத்தம் சீக்கிரம் உறையற மாதிரி உடம்பு மாறிக்கும். பிரசவத்துல ரத்தம் கொட்டித் தாய் போயிடக்கூடாதுன்னு உடம்பு பண்ற ஏற்பாடு அது. பிள்ளை பொறந்து சில வாரம் வரைக்கும் அப்படியேதான் இருக்கும். அதோட மாசக்கணக்கா படுக்கை, ஆபரேஷன், எல்லாம் சேர்ந்துது. நடக்க விட்டிருந்தா நல்லது. ஆனா நடந்தவங்களுக்கும் வருது." டாக்டர் கத்திரியைப் பார்த்தார். "சில பேருக்கு ரத்தத்துலயே இந்தக் குணம் இருக்கும், குடும்பத்துல வரும். உங்க அம்மா, அக்கா தங்கச்சி, யாருக்காவது இப்படி ஆகியிருக்கா?"

தன் அம்மாவைப் பற்றிக் கத்திரி யாரிடமும் பேசியதில்லை. நான்கூட உங்களிடம் இதுவரை சொன்னதில்லை.

"எங்க அம்மா நான் பொறந்த கொஞ்ச நாள்ல போயிட்டாங்க," என்றாள். "திடீர்னு. உட்கார்ந்து பேசிக்கிட்டு இருந்தவங்க மூச்சு வரலேன்னாங்களாம், சாஞ்சுட்டாங்களாம். மாரடைப்புன்னு சொல்லி முடிச்சுட்டாங்க."

"கால் வீங்கியிருந்துதா?"

"எங்க அக்காவுக்குத்தான் தெரியும். அப்ப அவ சின்னப் பொண்ணு. அம்மா கால் வலிக்குதுன்னு அழுவாங்கன்னும், இவதான் பிடிச்சுவிடுவான்னும் ஒரு தடவை சொல்லியிருக்கா."

டாக்டர் தலையசைத்தார். இத்தனை வருஷத்துக்குப் பிறகு உறுதியாக எதுவும் சொல்ல முடியாது, ஆனால் இதை லேசாக விடவும் கூடாது என்றார். பிறகு சாதாரணமாகக் கேட்டார்: "அக்காவுக்குக் குழந்தைகள் இருக்கா?"

"இப்பதான் முதல் தடவையா உண்டாகியிருக்கா. ஏழு மாசம். சித்தி சொன்னாங்க."

"அப்ப இன்னிக்கே அவங்ககிட்டச் சொல்லுங்க. அவங்க டாக்டருக்கு இது தெரியணும். தெரிஞ்சா முன்கூட்டியே கவனிக்கலாம், தேவைப்பட்டா மருந்து கொடுக்கலாம். தெரியாட்டிதான் ஆபத்து."

டாக்டர் போய்விட்டார். கத்திரி ஃபோனைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே இருந்தாள்.

"கூப்பிடேன்," என்றார் மாஸ்டரம்மா.

"எடுக்க மாட்டா அத்தை. அப்பா போன அன்னிக்கு ரெண்டு பேருக்கும் சண்டை. 'நீ பொறக்காம இருந்திருந்தா அம்மா இருந்திருப்பா, அம்மாவைத் தின்னுட்டுத்தானே பொறந்தே'ன்னு எல்லார் முன்னாடியும் சொன்னா. அதுக்கப்புறம் பேச்சே இல்ல. ஊரை விட்டே போயிட்டா. அவ கல்யாணத்துக்கும் எனக்குச் சொல்லல."

இப்போது புரிகிறதா, கத்திரி ஏன் ஒரு நிமிஷம்கூட வாயை மூடுவதில்லை என்று? அந்த ஒரு சொல்லுக்குப் பதில் சொல்ல முடியாமல் நின்றவள் அவள். அன்றைக்கு வராத பேச்சைத்தான் இத்தனை வருஷமாக ஊரிடம் பேசித் தீர்த்துக்கொண்டிருக்கிறாள்.

நம்பரை அழுத்தினாள். மணி அடித்தது, வெட்டப்பட்டது. மறுபடி அழுத்தினாள். மறுபடி வெட்டப்பட்டது.

"விடமாட்டேன்," என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு. "என்னை வெறுக்கறதுன்னா வெறுக்கட்டும். உயிரோட இருந்து வெறுக்கட்டும்."

மாஸ்டரம்மா தன் ஃபோனை எடுத்து நீட்டினார். "இதுலேர்ந்து போடு. என் நம்பர் அவளுக்குத் தெரியாது."

மூன்றாவது மணியில் எடுத்தார்கள்.

"அக்கா, வைக்காதே. நான் சண்டைக்கு வரல. ஆஸ்பத்திரியிலேர்ந்து பேசறேன். எனக்குக் கால்ல ரத்தம் கட்டி, நெஞ்சு வரைக்கும் போயிடுச்சு. பொழைச்சுக்கிட்டேன். நீ ஏழு மாசம். அம்மாவுக்கும் கால் வலிச்சுதுன்னு நீதான் சொன்னே. வீங்கியிருந்துதா? ஒரு காலா, ரெண்டு காலா?"

வைத்துவிட்டாளோ என்று கத்திரி ஃபோனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தாள்.

"ஒரு கால்," என்றது அக்காவின் குரல். வருஷக்கணக்கில் கேட்காத குரல், கொஞ்சம் தடித்திருந்தது. "நான்தான் பிடிச்சுவிட்டேன். பிடிச்சுவிட்டுக்கிட்டே இருந்தேன். அப்பதான் அம்மா மூச்சு வரலைன்னா."

கத்திரிக்கு எல்லாம் விளங்கியது. அம்மாவைக் கொன்றவள் யார் என்று அக்கா இத்தனை காலம் யாரைக் கேட்டுக்கொண்டிருந்தாள் என்பதும் விளங்கியது. அவள் தங்கையைத் திட்டியதெல்லாம் தன்னைத் திட்டிக்கொள்ள முடியாமல்தான். பக்கத்தில் நின்ற மாஸ்டரம்மாவின் கை வாய்க்குப் போனது.

"நீயே குழந்தைதானே அக்கா அப்ப," என்றாள் கத்திரி. குரல் உடைந்தது, உடைந்த குரலிலேயே பேசினாள். "உனக்கு என்ன தெரியும்? எனக்கென்ன தெரியும்? நீயும் கொல்லல, நானும் கொல்லல. கட்டி கொன்னுது. அதை உன்கிட்ட நெருங்க விடமாட்டேன். உன் டாக்டர்கிட்ட அம்மா எப்படிப் போனாங்கன்னு சொல்லியிருக்கியா?"

"விபத்துல போயிட்டாங்கன்னு சொல்லியிருக்கேன். இங்க எல்லார்கிட்டயும் அப்படித்தான் சொல்லியிருக்கேன். கூடப்பொறந்தவங்க யாரும் இல்லைன்னும்."

வலித்தது. கத்திரி அதை விழுங்கிக்கொண்டாள்.

"மாத்திச் சொல்லு. இன்னிக்கே போய்ச் சொல்லு."

"இவ்வளவு நாள் கழிச்சு எப்படிச் சொல்றது? என்ன நினைப்பாங்க? அவர் வேற பக்கத்துலயே நிக்கிறார்."

"நிக்கிறாரா? நல்லதாப் போச்சு. ஸ்பீக்கர்ல போடு. உனக்குச் சொல்ல முடியாட்டி நான் சொல்றேன். நீ பொய் சொன்னேன்னு அவர் கோவிச்சுக்கட்டும், ஊரே கோவிச்சுக்கட்டும். நீ மட்டும் சாகக்கூடாது. போடுக்கா."

அந்தப் பக்கம் ஒரு நீண்ட மூச்சு. பிறகு அறையின் சத்தமெல்லாம் கேட்டது: மின்விசிறி, தண்ணீர்க் குழாய், தரையில் நாற்காலி நகர்கிற ஓசை. ஒரு ஆணின் குரல் அருகே வந்து கேட்டது.

"யாரு அது ஃபோன்ல?"

"என் தங்கச்சி," என்றாள் அக்கா.